மனசுக்கு வைத்தியம் பார்த்த இன்னொரு போஸ்



போஸ் என்று சொன்னால் நமக்கெல்லாம் ஒரே ஒரு முகம்தான் ஞாபகத்துக்கு வரும். 1943 ஜூலையில் சிங்கப்பூர் கேத்தே கட்டடத்தில் இந்திய சுதந்திர லீக்கின் தலைமையை ஏற்று, மறுநாள் பாடாங் திடலில் இந்திய தேசிய ராணுவத்தின் அணிவகுப்பைப் பார்வையிட்ட நேதாஜியின் முகம். பால்வெட்டுக் கத்தியைக் கீழே வைத்துவிட்டு அவர் படையில் சேர்ந்த தோட்டத்துப் பிள்ளைகள் எத்தனையோ பேர். அவர்கள் படத்தை இன்னும் சாமி படத்தோடு மாட்டி வைத்திருக்கிற வீடுகள் உண்டு.

இந்தத் தடவை நான் எழுதப்போவது அவரைப் பற்றி அல்ல. அதே வங்காளத்தில், அதே கல்கத்தாவில், ஏறக்குறைய அதே காலத்தில் வாழ்ந்த இன்னொரு போஸைப் பற்றி. பெயர் கிரீந்திரசேகர் போஸ். துப்பாக்கி எடுத்தவர் இல்லை, மேடை ஏறி முழங்கியவர் இல்லை. நோயாளி பேசப் பேச, பக்கத்தில் உட்கார்ந்து பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்த டாக்டர். மனோதத்துவம் என்கிற படிப்பில் இந்தியாவில் முதல் டாக்டர் பட்டம் வாங்கியவர்.

மனோதத்துவத்துக்கும் தோட்டத்துக்கும் என்னய்யா சம்பந்தம் என்று கேட்பீர்கள். சொல்கிறேன்.

நம்ம ஜனங்களிடம் ஒரு பேச்சு உண்டு. ஒருத்தன் கொஞ்சம் கோணலாகப் பேசிவிட்டால் போதும். மலாயாப் பக்கம் என்றால் இவனைத் தஞ்சோங் ரம்புத்தானுக்கு அனுப்பணும் என்போம். சிங்கப்பூர் என்றால் உட்பிரிட்ஜ். பெரட்டுக்களத்திலும் சொல்வோம், கள்ளுக்கடையிலும் சொல்வோம். சொல்லிவிட்டுச் சிரிப்போம். ஆனால் நம்ம வீட்டிலேயே ஒருவருக்கு மனசு சரியில்லை என்றால் அந்தச் சிரிப்பு எங்கே போகிறது? கதவைச் சாத்திக்கொள்கிறோம். பக்கத்து வீட்டுக்காரி கேட்டால் காய்ச்சல் என்கிறோம்.

நான் சின்னப் பையனாக இருந்தபோது எங்கள் லயத்தில் ஒரு அக்கா இருந்தார். தலைப் பிரசவத்தில் குழந்தை தங்கவில்லை. அதற்குப் பிறகு அவர் பேச்சு நின்றுபோயிற்று. சோறு போட்டால் சாப்பிடுவார், இல்லையென்றால் அப்படியே உட்கார்ந்திருப்பார். பேய் என்றார்கள். பூசாரி வந்தார், வேப்பிலையால் அடித்தார். பிறகு ஒரு போமோ வந்தார். கடைசியில் தோட்டத்து டிரெசர் தலையிட்டு, ஒரு பெரிய ஆஸ்பத்திரிக்கு லாரியில் ஏற்றி அனுப்பினார். அங்கே டாக்டர் ஆங்கிலத்தில் கேட்டார், உதவியாளர் மலாயில் கேட்டார், அக்காவுக்குத் தமிழைத் தவிர வேறு பாஷை தெரியாது. இந்தத் தோட்டத்துப் பெண்களே இப்படித்தான், மந்தமானவர்கள் என்று ஒரு அதிகாரி அவருடைய புருஷனிடமே சொன்னாராம். அந்தச் சொல்லை அந்த மனிதர் சாகும்வரை மறக்கவில்லை.

ஒரு பெண்ணுக்கு வந்த நோயை அவள் ஜாதிக்கே, இனத்துக்கே உரிய குணம் என்று சொல்லிவிடுவது. இது அந்த அதிகாரி கண்டுபிடித்த வழக்கம் இல்லை. மிகப் பழையது. சிங்கப்பூரிலேயே அதற்கு வரலாறு உண்டு.

1841இல் பிராஸ் பாசா சாலையோரத்தில் மனநோயாளிகளுக்கென்று சிங்கப்பூரின் முதல் ஆஸ்பத்திரி கட்டினார்கள். அடுத்தது கண்டாங் கெர்பாவில், அதாவது நம்ம தேக்காவிலிருந்து கூப்பிடு தூரத்தில். சிராங்கூன் ரோட்டில் மல்லிகைப்பூ வாங்கிக்கொண்டு போகிற எத்தனை பேருக்கு இது தெரியும்? 1887இல் அது ஊட்ரம் பக்கம் மாறியது. அந்த ஆஸ்பத்திரியில் மேலதிகாரியாக இருந்தவர் டாக்டர் வில்லியம் கில்மோர் எல்லிஸ் என்கிற வெள்ளைக்காரர். 1893இல் மலாய்க்காரர்களின் அமோக் பற்றியும், 1897இல் லாத்தா பற்றியும் சீமையில் வெளியான மனநோய் மருத்துவப் பத்திரிகையில் எழுதினார். அமோக் என்றால் திடீரென்று வெறி வந்து எதிரில் வருகிறவரையெல்லாம் வெட்டுவது. லாத்தா என்றால் திடுக்கிட்டால் எதிரே இருப்பவர் செய்வதையெல்லாம் தானும் செய்வது. எல்லிஸ் அக்கறையான மனிதர்தான், பொய் எழுதவில்லை. ஆனால் இதையெல்லாம் மலாய் இனத்தின் வியாதி என்று பெயர் வைத்தார். பின்னாளில் வந்த டாக்டர்கள் இப்படிப்பட்ட வெறிச்செயல் வேறு தேசங்களிலும், வேறு இனங்களிலும் நடப்பதை எடுத்துக்காட்டினார்கள்.

இனம் என்று நினைத்தது வேறொன்றாக முடிந்த கதை இன்னொன்றும் இருக்கிறது. நமக்கு நெருக்கமானது என்பதால் சொல்லிவிடுகிறேன். அந்தக் காலத்தில் பெரிபெரி என்று ஒரு நோய், கால் வீங்கி, நரம்பு செத்து, இதயம் நின்று ஆளைக் கொண்டுபோகும். மலாயாவில் சீனத் தொழிலாளிகளுக்கு வாரி வாரி வந்தது. தமிழர்களுக்கோ மிகவும் அபூர்வம். இனத்தின் உடல்வாகு என்று நினைத்தவர்கள் உண்டு. நெகிரி செம்பிலானில் இருந்த டாக்டர் பிராடன் என்பவர், இல்லை, அரிசியைப் பாருங்கள் என்றார். 1905 டிசம்பரில் கோலாலம்பூர் மனநோய் ஆஸ்பத்திரியில் டாக்டர் வில்லியம் பிளெட்சர் நோயாளிகளை வரிசையாக நிறுத்தி எண் கொடுத்தார். ஒற்றைப்படைக்காரர்களுக்கு ஒரு அரிசி, இரட்டைப்படைக்காரர்களுக்கு வேறு அரிசி. ஒரு பக்கம் தீட்டிய வெள்ளைப் பச்சரிசி, மறுபக்கம் புழுங்கல். பச்சரிசிப் பக்கத்தில் 18 பேர் பெரிபெரியில் செத்தார்கள், புழுங்கல் பக்கத்தில் ஒருவரும் சாகவில்லை. நம்மைக் காப்பாற்றியது நம்ம இனம் இல்லை, நம்ம பாட்டிமார் வடித்த புழுங்கல் சோறு. (வாய் திறந்து வேண்டாம் என்று சொல்ல முடியாத நோயாளிகளை வைத்து இப்படிப் பரீட்சை செய்ய இன்று யாரும் அனுமதிக்க மாட்டார்கள். அதுவும் சொல்ல வேண்டியதுதான்.)

உடம்புக்கு இப்படி. மனசுக்கு எப்படி? வெள்ளைக்காரன் மனசை ஆராய்ந்து எழுதிய சட்டம் நம்ம மனசுக்கும் பொருந்துமா? பொருந்தாவிட்டால் குறை நம்ம மனசிலா, அந்தச் சட்டத்திலா? இந்தக் கேள்வியை ஆசியாவில் முதல் முதலாக, நேருக்கு நேராக, பெரிய இடத்தில் கேட்டவர்தான் கிரீந்திரசேகர் போஸ்.

அவர் பிறந்தது 1887இல். அப்பா சந்திரசேகர் போஸ், தர்பங்கா மகாராஜாவிடம் திவானாக இருந்தவர். வசதியான, படித்த குடும்பம். வீட்டில் கடைக்குட்டி இவர். அண்ணன்மாரில் ராஜசேகர் போஸ், பரசுராம் என்ற புனைபெயரில் வங்காளத்தையே வயிறு குலுங்கச் சிரிக்க வைத்த எழுத்தாளர். வங்க மொழிக்கு ஒரு அருமையான அகராதியும் தந்தவர். தம்பிக்குச் சின்ன வயசில் வேறு பைத்தியம், மாயாஜாலமும் ஹிப்னாடிசமும். கண்ணைப் பார்த்து ஆளைத் தூங்கவைக்கிற வித்தை. பையன் உருப்படமாட்டான் என்று அக்கம்பக்கத்தில் சொல்லியிருந்தால் ஆச்சரியமில்லை. ஆனால் அந்த வித்தைதான் பின்னால் அவரை மனசின் பக்கம் இழுத்துக்கொண்டு போனது.

1910இல் கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் எம்.பி. பட்டம் வாங்கி வைத்தியம் பார்க்கத் தொடங்கினார். நல்ல வருமானம். ஆனால் சில நோயாளிகள் அவரைத் தொந்தரவு செய்தார்கள். உடம்பில் ஒரு குறையும் இல்லை, ஆனால் கை தூக்க முடியவில்லை. கத்தியைக் கண்டால் நடுக்கம், ஏனென்று தெரியவில்லை. மிக்ஸ்சர் கொடுத்து என்ன பயன்? 1916இல் கல்கத்தா பல்கலைக்கழகத்தில் மனோதத்துவத்துக்கென்று தனிப் பிரிவு ஆரம்பித்தார்கள், இந்தியாவிலேயே முதலாவது. நோயாளி வரிசையை வைத்துக்கொண்டே டாக்டர் மறுபடி மாணவரானார். 1917இல் எம்.எஸ்ஸி., பிறகு அங்கேயே விரிவுரையாளர், 1921இல் டாக்டர் பட்டம்.

அந்தக் காலத்தில் வியன்னா நகரில் சிக்மண்ட் பிராய்ட் என்பவர் உலகத்தைக் கலக்கிக்கொண்டிருந்தார். நாம் மறந்துவிட்டதாக நினைப்பவை உண்மையில் மறைவதில்லை, மனசின் அடித்தளத்தில் அமுங்கிக் கிடக்கின்றன, அவைதான் கனவாகவும் நோயாகவும் மேலே வருகின்றன என்றார். பேச வைத்தால் நோய் இளகும் என்றார். போஸ் அந்தப் புத்தகங்கள் சரியாகக் கைக்கு வராத காலத்திலேயே கல்கத்தாவில் உட்கார்ந்துகொண்டு தம் நோயாளிகளிடமிருந்து ஏறக்குறைய இதே முடிவுக்கு வந்துகொண்டிருந்தார். தம் ஆராய்ச்சிப் புத்தகத்தைப் பிராய்டுக்குத் தபாலில் அனுப்பினார். அவ்வளவு தூரத்து நாட்டில் தம் கருத்து வேர்விட்டிருப்பதைப் பார்த்துப் பிராய்டுக்கு ஆச்சரியம் தாங்கவில்லை. உடனே பதில் போட்டார். அப்படித் தொடங்கிய கடிதப் போக்குவரத்து பதினைந்து வருஷத்துக்கு மேல் நடந்தது. இருவரும் ஒரு தடவைகூட நேரில் பார்த்துக்கொண்டதில்லை.

ஒரு வேடிக்கை. பிராய்டின் முகம் எப்படியிருக்கும் என்று தெரியாமல், ஒரு வங்காள ஓவியரை வைத்துக் கற்பனையில் ஒரு படம் வரைந்து போஸ் அனுப்பினார். படத்தைப் பார்த்த பிராய்ட், என்னைச் சுத்த இங்கிலீஷ்காரனாக ஆக்கிவிட்டார்களே என்று தம் சிநேகிதிக்கு எழுதினார். கல்கத்தாக்காரர்களுக்கு அப்போது வெள்ளைக்காரன் என்றால் இங்கிலீஷ்காரன் ஒருவன்தானே!

1922 ஜனவரியில் பார்சிபாகான் சந்து, 14ஆம் எண் வீட்டில் இந்திய மனோபகுப்பாய்வுச் சங்கம் பிறந்தது. போஸ்தான் தலைவர், சாகும்வரை அவரே தலைவர். அந்தச் சங்கத்தில் வங்காளிகளோடு இரண்டு பிரிட்டிஷ் ராணுவ உத்தியோகஸ்தர்களும் உறுப்பினர்கள். விஷயமே இங்கேதான் சூடு பிடிக்கிறது.

ஒருவர் ஓவன் பெர்க்லி-ஹில். ராஞ்சியில் ஐரோப்பியர்களுக்கென்றே இருந்த மனநோய் ஆஸ்பத்திரிக்கு அதிகாரி. ஆமாம், பைத்தியத்திலும் அந்தக் காலத்தில் நிறம் பார்த்தார்கள். 1918இல் வெள்ளைக்காரருக்கும் ஆங்கிலோ இந்தியருக்கும் ஒரு ஆஸ்பத்திரி, இந்தியருக்கு அதே ஊரில் 1925இல் வேறு ஆஸ்பத்திரி. இந்த பெர்க்லி-ஹில் கெட்டிக்கார டாக்டர், நோயாளிகளை அன்பாக நடத்தியவர், கட்டியதும் மலபார்ப் பெண்ணைத்தான். ஆனாலும் 1921இல் ஒரு கட்டுரை எழுதினார். இந்துக்களின் சுத்தம், சடங்கு, சாஸ்திரம், குணம் எல்லாமே குழந்தைப் பருவத்தில் மலங்கழிக்கும் பழக்கத்தோடு பின்னிய ஒரு மனக்கோணலிலிருந்து வந்தவை என்று. கோடிக்கணக்கான ஜனங்களை ஒரே கட்டிலில் படுக்கவைத்து ஒரே சீட்டு எழுதிவிட்டார்.

இன்னொருவர் டேலி என்கிற ராணுவ அதிகாரி. காந்தியடிகள் உப்பு எடுக்க நடந்த அதே 1930இல், வங்காளத்துப் புரட்சிக்காரர்களின் மனசைப் பற்றி எழுதினார். தேசத்தைத் தாய் என்று கும்பிட்டு ஆட்சியை எதிர்ப்பது அரசியல் இல்லையாம், தாய்மேல் உள்ள பிள்ளைப் பருவப் பிடிப்பும் தகப்பன்மேல் உள்ள பகையுமாம். கூலி கேட்டு வேலைநிறுத்தம் செய்கிறவனிடம் உனக்கு மனசு சரியில்லை என்று துரை சொன்னால் எப்படி இருக்கும்? அந்த மாதிரிதான்.

போஸ் இவர்களோடு ஒரே மேசையில் உட்கார்ந்து சங்கம் நடத்தினார். அவர் கொஞ்சம் உரக்கப் பேசியிருக்கலாம் என்றுதான் எனக்குப் படுகிறது. அவர் சுபாவம் அப்படி இல்லை. அவர் பதில் வேறு வழியில் வந்தது. தம் நாற்காலியின் பக்கத்தில் வந்து பேசிய நோயாளிகள் என்ன சொன்னார்களோ அதை அப்படியே எடுத்துக்கொண்டு, டேலியிடம் அல்ல, பெர்க்லி-ஹில்லிடம் அல்ல, அவர்கள் எல்லோருக்கும் குருவான பிராய்டிடமே போனார்.

விஷயம் இதுதான். சின்னப் பையன் ஒவ்வொருவனுக்கும் அப்பா தன் ஆண்மையைப் பறித்துவிடுவார் என்று உள்ளே ஒரு பயம் உண்டு, பாதி மனநோய்க்கு அதுவே வேர் என்பது பிராய்டின் கொள்கை. எல்லா மனுஷனுக்கும் இது பொது என்றார். 1929இல் போஸ் கடிதமும் கட்டுரைகளும் அனுப்பினார். என்னிடம் வரும் ஐரோப்பிய நோயாளிகளிடம் அந்தப் பயம் இருக்கிறது, இந்திய நோயாளிகளிடம் அந்த அளவுக்கு இல்லை, அவர்களிடம் பெண்ணாக இருந்தால் எப்படி என்கிற ஆசை சுலபமாக வெளியே வருகிறது என்று தெரிவித்தார். அர்த்தநாரீஸ்வரரைக் கும்பிடுகிற ஊர், அம்மா, பாட்டி, அத்தை, சித்தி என்று பத்துப் பெண்கள் இடுப்பில் மாறி மாறி வளர்கிற பிள்ளை. அவன் மனசு வியன்னா வீட்டில் தனியாக வளர்ந்த பிள்ளையின் மனசு மாதிரியே இருக்கவேண்டும் என்று என்ன கட்டாயம்? இது என் பேச்சு, அவர் பேச்சு இல்லை. அவர் விஞ்ஞானி, கண்டதை மட்டும் எழுதினார்.

பிராய்ட் என்ன சொன்னார்? இந்தியருக்கும் ஐரோப்பியருக்கும் உள்ள இந்த வேறுபாடு தம்மை யோசிக்க வைக்கிறது என்று ஒப்புக்கொண்டார். ஆனால் தம் கொள்கையை மாற்றிக்கொள்ளவில்லை. போஸும் தம்முடையதை விடவில்லை. மரியாதை குறையாமல், காலில் விழாமல், வருஷக்கணக்கில் வாதாடினார். வெள்ளைக்காரன் ஆண்ட காலத்தில், கல்கத்தாச் சந்திலிருந்து ஒரு மனிதர் உலகப் பெரியவரிடம் இப்படி எழுதியதை நினைத்துப் பாருங்கள்.

அவருக்கென்று ஒரு கொள்கையும் இருந்தது. எளிதாகச் சொல்கிறேன். நம் மனசில் எந்த ஆசையும் தனியாக வருவதில்லை, எதிர் ஆசையோடு ஜோடியாகத்தான் வருகிறது. அடிக்கவேண்டும் என்பதோடு அடிபடவேண்டும் என்பதும், கொடுக்கவேண்டும் என்பதோடு வாங்கவேண்டும் என்பதும். ஒன்றை நாம் ஏற்று மற்றதை மிதித்து வைத்தால், மிதிபட்டது நோயாகிறது. ஆகவே நோயாளியை அவன் இடத்திலிருந்து எதிராளியின் இடத்துக்கு மனசால் போகச் சொல்லுவார், பிறகு திரும்பி வரச் சொல்லுவார், பிள்ளைகள் ஏறி இறங்குகிற சீசாப் பலகை மாதிரி. கங்காணி மேல் ஆத்திரத்தால் தூக்கம் வராதவனை ஒரு நாழிகை கங்காணியாக உட்காரச் சொல்லுவது போல. இந்த வைத்தியம் எல்லோருக்கும் பலித்தது என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் நோயாளியைப் பொட்டலம் கட்டி இனவாரியாக அடுக்குகிறவர்களைவிட இது எவ்வளவோ மேல்.

1931இல் பிராய்டுக்கு 75 வயது. கல்கத்தாச் சங்கத்தார் அவருக்குத் தந்தத்தில் செய்த ஒரு விஷ்ணு சிலையை அனுப்பினார்கள். திருவாங்கூர்ப் பக்கத்து வேலைப்பாடு, சந்தனமரப் பீடம். நாத்திகரான பிராய்ட் அதை எழுதும் மேசைமேல் வைத்துக்கொண்டார், தம் கொள்கை அயல்நாட்டை ஜெயித்ததற்கு அடையாளமாகப் பார்த்தார். அனுப்பியவர்கள் அப்படி நினைத்து அனுப்பினார்களா என்ன? வியன்னாக் குளிரில் தந்தத்தில் விரிசல் விட்டது. கல்கத்தாவில் இருந்து பழகிய சாமிக்கு இந்த ஊர்ச் சீதோஷ்ணம் ஒத்துக்கொள்ளவில்லையோ என்று டைரியில் குறித்து வைத்தார். ஹிட்லர் படை வந்த பிறகு 1938இல் அவர் லண்டனுக்குத் தப்பிப் போனபோது சிலையும் போனது. அவர் வாழ்ந்த லண்டன் வீடு இப்போது காட்சிச்சாலை. சிலையும் அங்கேதான் இருக்கிறது.

நம்மவர்கள் கேட்கவேண்டிய கேள்வி ஒன்று இருக்கிறது. போஸிடம் வந்தவர்கள் யார்? பெரும்பாலும் படித்த, பணமுள்ள கல்கத்தாக்காரர்கள். சணல் ஆலைக்காரனும் அஸ்ஸாம் தேயிலைத் தோட்டத்துக் கூலியும் மணிக்கணக்கில் படுத்துக்கொண்டு கனவைச் சொல்ல வழி ஏது? இது அவர் வாழ்க்கையில் ஒரு குறைதான். அவருக்கும் அது உறைத்திருக்கவேண்டும். 1933 மே 1ஆம் தேதி, கார்மைக்கேல் மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரியில் மனநோய்க்கென்று வெளிநோயாளிப் பிரிவு ஒன்றைத் திறந்தார்கள். பைத்தியக்கார ஆஸ்பத்திரி என்ற மதில் இல்லாமல், சாதாரண ஆஸ்பத்திரியில், பல் வலிக்காரனும் வயிற்று வலிக்காரனும் வருகிற வாசலிலேயே மனசு வலிக்காரனும் வரலாம் என்று இந்தியாவில் ஏற்பட்டது அதுதான் முதல் தடவை. அதன் பின்னால் இருந்தவர் போஸ். நம்ம ஜனங்களின் வெட்கம் தெரிந்த ஆள்தான் இப்படி யோசிப்பான்.

1940இல் லும்பினி பார்க் என்ற மனநோய் ஆஸ்பத்திரியைக் கல்கத்தாவில் தில்ஜலா பக்கம் தொடங்கினார்கள். புத்தர் பிறந்த ஊரின் பெயர். அதற்கு அண்ணன் ராஜசேகர் கைகொடுத்தார். 1942இல் வங்கக் கவிஞர் நஸ்ருல் இஸ்லாமுக்குப் பேச்சும் நினைவும் தவறியபோது அங்கேதான் சில மாதம் வைத்துப் பார்த்தார்கள். கவிஞருக்குக் குணமாகவில்லை. எல்லாக் கதையும் நல்லபடியாக முடிவதில்லை.

இதற்கு நடுவில் போஸ் கீதைக்கு விளக்கம் எழுதினார், புராணங்களை ஆராய்ந்து தனிப் புத்தகம் போட்டார். பிள்ளைகளுக்காகச் சிவப்பு எறும்புக்கும் கறுப்பு எறும்புக்கும் நடந்த சண்டையை ஒரு கதைப்புத்தகமாக எழுதினார். மனோதத்துவத்துக்கு வங்க மொழியிலேயே சொற்கள் உண்டாக்கினார். நோயாளி எந்தப் பாஷையில் அழுகிறானோ அந்தப் பாஷையில் அவன் நோய்க்குப் பெயர் இருக்கவேண்டாமா?

போஸ் கேட்ட கேள்வியைக் கூலிக்காரர் பக்கம் கொண்டுபோனவர் ஒருவர் பின்னால் வந்தார். பிரான்ட்ஸ் பனோன். அவர் பிறந்த மார்ட்டினிக் தீவு கரும்புத் தோட்டத் தீவு. புதுச்சேரி, காரைக்கால் வழியாக நம் தமிழர்களும் 1853 முதல் ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேறிப் போன இடம். கறுப்பரான இவர் மனநோய் டாக்டராகி, 1953இல் அல்ஜீரியாவில் பிளிடா ஆஸ்பத்திரிக்குப் போனார். வெள்ளைக்காரப் பெண் நோயாளிகளுக்குப் பத்திரிகை, பாட்டு, கூட்டம் என்று ஏற்பாடு செய்தார், பலன் கிடைத்தது. அதையே முஸ்லிம் ஆண்களுக்குச் செய்தார், ஒன்றும் நடக்கவில்லை, முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். இவர்கள் இனமே இப்படித்தான் என்று அங்கிருந்த பிரெஞ்சு டாக்டர்கள் ரொம்ப நாளாகச் சொல்லிவந்தார்கள். பனோன் தம்மையே குற்றம் சொன்னார். இவர்கள் ஊர் வழக்கம் தெரியாமல் பிரான்சைக் கொண்டுவந்து இங்கே நட்டுவிட்டேனே என்றார். பிறகு அவர்கள் ஊர் மாதிரியே ஒரு காப்பிக்கடை வைத்தார், பண்டிகை கொண்டாடினார், கதைசொல்லியை வரவழைத்தார். சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்து வந்தார்கள். 1961இல், 36 வயதில், ரத்தப் புற்றுநோயில் இறந்துபோனார். அவர் கதையைத் தனியாகத்தான் எழுதவேண்டும்.

எங்கள் லயத்து அக்காவுக்கும் கடைசியில் நடந்தது இதுதான். அந்த ஆஸ்பத்திரிக்கு மாற்றலாகி வந்த ஒரு தமிழ் நர்ஸம்மா, கட்டிலோரம் உட்கார்ந்து, குழந்தை ஆணா பெண்ணா என்று ஒரே ஒரு கேள்வி கேட்டாராம். அதுவரை யாரும் கேட்காத கேள்வி. அக்கா அழ ஆரம்பித்தவர் ரெண்டு நாள் அழுதார். மருந்தும் கொடுத்தார்கள், நாளும் ஆயிற்று. எட்டு மாதம் கழித்து வீட்டுக்கு வந்து மறுபடி வாளி தூக்கினார். பிறகு மூன்று பிள்ளைகள்.

போஸ் 1949இல் பல்கலைக்கழக வேலையிலிருந்து ஓய்வு பெற்றார், 1953 ஜூன் 3ஆம் தேதி காலமானார். சிங்கப்பூரில் 1928இல் இயோ சூ காங்கில் திறந்த மனநோய் ஆஸ்பத்திரிதான் 1951 முதல் உட்பிரிட்ஜ் ஆனது. 1993இல் புவாங்கோக்குக்கு மாறி இன்று மனநலக் கழகம் என்று பெயர். தஞ்சோங் ரம்புத்தானில் இருப்பது இப்போது பஹாகியா, ஜொகூர் தம்போயில் இருப்பது பெர்மாய். அங்கே போகிறவர்கள் எந்த மொழியில் பேச வசதி என்பதை முதலிலேயே சொல்லி, தமிழ் தெரிந்தவரைக் கேளுங்கள். கேட்பதில் வெட்கமில்லை. கூடப் போகிற ஆள், நோயாளி எப்போது முதல் தூங்கவில்லை, என்ன சாப்பிடுகிறார், அதற்கு முன்னால் வீட்டில் என்ன நடந்தது என்பதையெல்லாம் ஒரு துண்டுச்சீட்டில் எழுதிக்கொண்டு போனால் டாக்டருக்கு ரொம்ப உதவி.